மூத்த குருமாரின் இடம்

சிவகாசியில் 1858-இல் உயிர்நீத்த ஆங்கிலிக்க மிஷனரி ராக்லண்ட், கூடாரத்தோடு ஊர் ஊராய்ச் சென்று ஊழியம் செய்தவர். தென்னிந்திய ஆங்கிலிக்கத் திருமண்டலங்கள் 1947 செப்டம்பர் 27-இல் தென்னிந்தியத் திருச்சபையில் இணைந்தன. இன்று அந்தத் திருச்சபையின் ஆலங்குளம் பக்கத்துச் சபைகளையும் பேராயரும் குருத்துவச் செயலரும் லே (குருவல்லாத சபையார்) செயலரும் பொருளாளரும் கூடித்தான் நிர்வகிக்கிறார்கள். பள்ளி நியமனம், நிலம், தேர்தல், வழக்கு எல்லாம் மூத்த குருமாரின் மேசைக்கே வருகின்றன. தூத்துக்குடி–நாசரேத் திருமண்டலத்துக்கு ஓய்வுபெற்ற நீதிபதியை நிர்வாகியாக உயர் நீதிமன்றமே நியமிக்க நேர்ந்தது பெரும் வேதனை. ராக்லண்டைப் போல மக்களைத் தேடி, பட்டாசு ஆலை விபத்தில் மகனை இழந்த தாயின் வீட்டுக்குப் போக அனுபவமுள்ள குருவானவருக்கு நேரம் வேண்டாமா? சொத்துப் பொறுப்பைத் தகுதியுள்ள சபையாரிடம் விடுங்கள். தணிக்கை அறிக்கையை ஆண்டுதோறும் ஒவ்வொரு சேகரத்திலும் வாசியுங்கள். மூத்த குருமார் இளம் ஆயர்களுக்கு வழிகாட்டட்டும்.