முதலில் அனுப்பியது யார்?

மடியில் கனம் இருந்தால்தான் வழியில் பயம் என்கிறார்கள். நம் மடியில் கனம் இருக்கிறது, தோழர்களே: அடிபட்ட பெண்ணின் குரல் பதிவு, சாட்சியின் பெயர், கொளுத்தப்பட்ட குடிசையின் படம்.

2016 முதல் வாட்ஸ்அப் என்கிரிப்ஷனில் இவற்றைத் திறக்கும் சாவி அனுப்புபவர், பெறுபவர் கைப்பேசிகளில் மட்டுமே இருக்கிறது. நடுவில் நிற்கும் நிறுவனத்தாலும் படிக்க முடியாது. (கைப்பேசிக்குள்ளேயே புகும் பெகாசஸை இது தடுக்காது, அது வேறு சண்டை.) 2021 தகவல் தொழில்நுட்ப விதிகளோ, நீதிமன்றம் மட்டுமல்ல, அதிகாரம் பெற்ற அரசு அதிகாரி உத்தரவிட்டாலும் முதலில் அனுப்பியவரைக் காட்டு என்கின்றன. ஒருவரைக் காட்ட, எல்லோருடைய செய்தியையும் முன்கூட்டியே அடையாளமிட்டு வைக்க வேண்டும். அந்தப் பெயர் வந்துசேரும் காவல் நிலையத்துக்கும் ஊர்த்தெருவுக்கும் எவ்வளவு தூரம் என்று நமக்குத் தெரியாதா?

எதிர்த்து டெல்லி உயர் நீதிமன்றம் போயிருக்கிறது வாட்ஸ்அப். லாப நட்டம் பார்த்து நாளை அது சமரசமாகலாம். நம் சாட்சிகளின் உயிரை அதன் வக்கீல்களிடம் விட்டுவிட்டு நாம் சும்மா இருக்க முடியாது.