புதுப்பித்த விளையாட்டும் கழற்றிய கம்பியும்

சென்ற மாதம் என் பெறாமகன் தன் கணினியில் 'டயப்லோ 2: ரிசரெக்டட்' விளையாடிக்கொண்டிருந்தான். இடையே 'ஜி' விசையைத் தட்டினான். திரை 2000ஆம் ஆண்டுக்குத் திரும்பிவிட்டது. "சித்தப்பா, இதையோ விடிய விடிய விளையாடினனீங்கள்?" என்று சிரித்தான்.

இதையேதான். 2000 ஜூனில் பிளிசார்ட் நிறுவனம் வெளியிட்ட அந்த விளையாட்டை, பத்திரிகை அச்சுக்குப் போனபின் வெள்ளவத்தையில் ஒரு கணினி நிலையத்தில் நண்பர்கள் நால்வர் கூடி விளையாடுவோம். 640க்கு 480 புள்ளிகள், நொடிக்கு 25 சட்டகங்கள், அவ்வளவுதான். இருட்டில் நிற்பது பேயா தூணா என்று கிட்டப் போனால்தான் தெரியும். அந்த மங்கலே பாதி அச்சத்தைத் தந்தது.

2021 செப்டெம்பரில் வந்த மறுபதிப்பைக் குறைகூற மனம் வரவில்லை. பழைய விளையாட்டின் கணக்கு அடியில் ஓட, அதன்மேல் முப்பரிமாணக் காட்சியைப் போர்த்தியிருக்கிறார்கள். சிதறும் பொற்காசுகளை ஒவ்வொன்றாகச் சொடுக்கிப் பொறுக்க வேண்டியதில்லை. நமது பாத்திரங்கள் எல்லாவற்றுக்கும் பொதுவான பெட்டகம் உண்டு. முன்பு ஒரு பாத்திரத்தின் வாளை இன்னொன்றுக்கு மாற்ற, நம்பிக்கையான நண்பன் ஒருவன் தேவைப்பட்டான். யாவற்றிலும் மேலாக, மூலத்தை மறைக்காமல் ஒரு விசைக்குள் வைத்திருப்பது நேர்மையான செயல். பத்திரிகைப் பதிப்புகளிலும் இந்த நேர்மையை நான் அதிகம் கண்டதில்லை.

எனினும் ஒன்றைக் கழற்றிவிட்டார்கள். பழைய விளையாட்டில் இரண்டு கணினிகளைக் கம்பியால் நேரடியாக இணைத்து விளையாடலாம். பாதுகாப்பைக் காரணங்காட்டி அவ்வசதியை நீக்கினர். மறுபதிப்பைக் கணினியில் தனியே விளையாடலாம்; கூடி விளையாடுவதானால் நிறுவனத்தின் வழங்கிகள் ஊடாகவே செல்லவேண்டும். 2021 ஒக்டோபரில் அவை அடுத்தடுத்து முடங்கியபோது, காசு கொடுத்து வாங்கியவர்கள் வாசலில் காத்து நின்றார்கள்.

பத்திரிகையை வாங்கியவர் அதை அடுத்த வீட்டாருடன் பகிர அச்சகத்தின் அனுமதியைக் கேட்பதில்லை. விளையாட்டுக்கும் அதுவே நியாயம். வழங்கிகள் என்றோ ஒருநாள் மூடப்படும். அன்றைக்கும் என் அலுமாரியிலுள்ள பழைய இறுவட்டுகளோடு இரண்டு பழங்கணினிகளும் ஒரு கம்பியும் இருந்தால், இருவர் அருகருகே அமர்ந்து விளையாடலாம். பல மடங்கு அழகான மறுபதிப்பால் அது இயலாது.

படம் மங்கியதால் நாங்கள் எதையும் இழக்கவில்லை. புதுப்பிப்பவர்கள் முதலில் காக்கவேண்டியது, கூடி விளையாடும் அந்த உரிமையை.