கருணைக்குத் தவணை உண்டு, கோப்புக்கு இல்லை

தமிழ்நாட்டு நாளேடுகளில் அடிக்கடி வெளியாகும் படம் ஒன்றுண்டு. நடுவில் அமைச்சரோ மாவட்ட ஆட்சியரோ நிற்பார். அவர் கையிலிருந்து ஓர் இளைஞரோ இளம்பெண்ணோ உறையொன்றைப் பெற்றுக்கொள்வர். பணிக்காலத்தில் மரணித்த அரசு ஊழியரின் வாரிசுதாரர்களுக்குக் கருணை அடிப்படையில் நியமன ஆணை வழங்கப்பட்டதாகக் கீழே எழுதியிருக்கும். எத்தனை பேருக்கு என்பதும் இருக்கும். செய்தி மேசையில் அமர்ந்து படக்குறிப்புகளைத் திருத்தியே தலை நரைத்தவன் என்ற முறையில் கேட்கிறேன்: அந்தப் பிள்ளையின் தந்தை இறந்தது எந்த ஆண்டில் என்பதை ஏன் எவரும் எழுதுவதில்லை?

எழுதினால் படத்தின் பொருளே மாறிவிடும் என்பதுதான் காரணம்.

குடும்பத்துக்கு விதிக்கப்பட்ட தவணையை முதலில் பாருங்கள். தமிழ்நாட்டில் ஊழியர் இறந்த நாளிலிருந்து 3 ஆண்டுகளுக்குள் விண்ணப்பித்தாக வேண்டும். அதற்கு இறப்புச் சான்று, வாரிசுச் சான்று, ஏனைய வாரிசுகளின் ஆட்சேபணையின்மைக் கடிதம் வேண்டும். இவற்றோடு குடும்பம் வறிய நிலையில் இருக்கிறது என்று வட்டாட்சியர் தரும் சான்றும் வேண்டும். கணவனுக்கு எவ்வளவு சம்பளம் கொடுத்தோம் என்பது அரசுக்கே தெரியும். ஆயினும் தான் ஏழை என்பதை அவன் மனைவி அதே அரசின் இன்னோர் அலுவலகத்தில் வரிசையில் நின்று நிரூபிக்க வேண்டும். மூத்த பிள்ளைக்கே பத்து வயது என்றால், அது அரச வேலைக்குரிய 18 வயதை எட்டுமுன் தவணை கடந்துவிடும். தாய்க்குப் படிப்பில்லை என்றால் அந்தக் குடும்பத்தின் கதை அத்தோடு முடிந்தது.

இத்தனையும் தாண்டிச் சமர்ப்பித்த கோப்பு எத்தனை நாளில் முடிய வேண்டும்? அங்கேதான் எல்லோரும் மௌனம். வெற்றிடம் இல்லை, முதுநிலைப் பட்டியல் நீளம், மேலிடத்துக்கு அனுப்பப்பட்டுள்ளது என்று பதில்கள் வரும். மத்திய அரசுப் பணிகளில் நேரடி நியமன வெற்றிடங்களில் 5 வீதம் மாத்திரமே இதற்குரியது. நேரடி நியமனமே குறைந்து, ஒப்பந்த ஊழியர் பெருகும் காலத்தில் அந்த 5 வீதம் எதன் 5 வீதம் என்று யோசித்துப் பாருங்கள்.

1989 இல் இந்திய உச்ச நீதிமன்றத்தின் முன் ஒரு விதவையின் வழக்கு வந்தது. எல்லைச் சாலைகள் அமைப்பில் பண்டகக் காப்பாளராக இருந்த கணவர் 1982 இல் இறந்தார். அவ்வாண்டே விண்ணப்பித்த அவர், தேர்வும் எழுதித் தேறினார். நியமனம் மட்டும் வரவில்லை. 1985 இல் அவ்வமைப்பில் பெண்களைச் சேர்ப்பதற்குத் தடை வந்தது. உடனே அந்தத் தடையையே காரணமாகக் காட்டினர். காலம் கடத்தியவர்களும் அவர்களே, கடந்த காலத்தைக் காரணம் காட்டியவர்களும் அவர்களே! நீதிமன்றம் இதை ஏற்கவில்லை. இத்தகைய நியமனத்தில் தாமதமே கூடாது. வெற்றிடம் இல்லையெனில் மேலதிகப் பதவியை உருவாக்கியேனும் கொடுக்க வேண்டும் என்றது.

பிறகு காற்று திசை மாறியது. 1994 இல் அரியானா வழக்கொன்றில், இது உரிமையாகாது, திடீர் நெருக்கடியைக் கடக்க உதவும் விதிவிலக்கே, நியாயமான காலம் கடந்தபின் கோர முடியாது என்று அதே நீதிமன்றம் வரையறுத்தது. 2023 மார்ச்சில் மேற்கு வங்க நகராட்சியொன்றின் ஊழியர் குடும்பங்கள் ஆண்டுக்கணக்கில் காத்திருந்து தோற்றன. நீதிமன்றத்துக்கு அவர்கள் தாமதித்து வந்ததும் ஒரு குறையாகச் சொல்லப்பட்டது, உண்மைதான். ஆனால் இத்தனை காலம் பிழைத்திருக்கிறீர்களே, இனி நெருக்கடி எங்கே என்ற தர்க்கத்தின் உட்பொருள் என்ன? கடன்பட்டும், தாலியை அடகு வைத்தும், மகனின் படிப்பை நிறுத்திக் கூலிக்கு அனுப்பியும் உயிரோடிருந்த குற்றத்துக்காக அக்குடும்பம் தகுதியை இழக்கிறது. இதைக் கேட்ட எந்த அலுவலர்தான் இனிக் கோப்பை அவசரமாக நகர்த்துவார்?

தகப்பன் வேலை மகனுக்கா, இது பரம்பரைச் சொத்தா, தேர்வெழுதிக் காத்திருக்கும் இலட்சக்கணக்கானோர் என்ன பாவம் செய்தார்கள் என்று கேட்போர் உண்டு. அக்கேள்வியை நான் ஒதுக்கவில்லை. இந்திய அரசியலமைப்பின் 16 ஆம் உறுப்புரை வம்சாவளியின் பேரில் அரச வேலையில் பாகுபாடு கூடாதென்கிறது. “வாரிசு வேலை” என்ற வழக்கும் கேட்க நன்றாயில்லை. மணமான மகள் வாரிசாகாள் என்று நெடுங்காலம் விதி வைத்திருந்தது இந்தச் சொத்துரிமைப் புத்தியால்தான். கருநாடக உயர் நீதிமன்றம் 2020 இல் அப்படியொரு விதியைத் தள்ளுபடி செய்யவேண்டி வந்தது. வேலை தருவதே ஒரே வழி என்று நான் வாதாட வரவில்லை. எங்கள் நாட்டில் 1898 இலேயே விதவைகள், அநாதைகள் ஓய்வூதிய நிதிக்குச் சட்டம் வந்தது. ஊழியரின் சம்பளத்தில் மாதாமாதம் பிடித்த பணம் அது. அதைப் பெறுபவர் எந்த அமைச்சரோடும் படத்துக்கு நிற்க வேண்டியதில்லை. தமிழ்நாடோ, 2003 ஏப்ரலுக்குப் பின் சேர்ந்தோருக்குப் பழைய ஓய்வூதியத்தை நிறுத்தியது. ஓய்வூதியத்தின் பலம் குறைந்த வீட்டுக்கு வேலையும் வராவிட்டால் அடுப்பு எரிவது எதனால்?

2006 இல் அரியானா வகுத்த விதிகள் வேறொரு வழியைக் காட்டின. இறந்தவரின் கடைசிச் சம்பளத்தைக் குடும்பத்துக்குத் தொடர்ந்து வழங்குவது: 35 வயதுக்கு முன் இறந்தால் 15 ஆண்டுகள், வயது கூடக்கூட அக்காலம் குறையும். அதிலும் குறை சொல்லலாம். ஆனால் அதில் காத்திருப்பின் செலவை அரசு ஏற்கிறது. தமிழ்நாடு நியமனத்தையே தொடரட்டும். விண்ணப்பம் கிடைத்த நாளிலிருந்து ஆறு மாதத்துக்குள் ஆம் அல்லது இல்லை என எழுத்தில் பதில் தரட்டும். ஏழாம் மாதத்திலிருந்து, பதில் வரும்வரை, இறந்தவரின் சம்பளம் மாதந்தோறும் அந்த வீட்டுக்குப் போகட்டும். கோப்பு எந்த மேசையில் கிடக்கிறது என்பதை நிதித் திணைக்களமே தேடிக் கண்டுபிடித்துவிடும்.