ஆருக்கு உயிர் வேணுமாம்?



சென்ற மாதம் வங்கி அட்டையின் இரகசிய இலக்கத்தை எப்படிப் பாதுகாப்பது என்று எழுதியிருந்தேன். இம்மாதம் கோழி வளர்ப்புக் கணக்கு எழுதுவதைப் பற்றிச் சொல்லத்தான் நினைத்திருந்தேன். ஆனால் பக்கத்து வளவில் நடந்த ஒரு விடயம் அந்த எண்ணத்தை மாற்றிவிட்டது. அந்த வீட்டு அக்காவிடம் கேட்டுக்கொண்டே இதை எழுதுகின்றேன். “எழுது பிள்ளை, வேற ஆரும் என்னை மாதிரிப் படவேண்டாம்” என்றார்.

அக்காவின் மூத்த மகன் 2009 மே மாதத்துக்குப் பின் இன்னும் வீடு வரவில்லை. முகாமிலிருந்து 2010 இல் ஊருக்குத் திரும்பியதும் அக்கா முதலில் வாங்கிய பொருட்களுள் ஒன்று கைத்தொலைபேசி. அன்று எடுத்த இலக்கத்தை இன்று வரை அவர் மாற்றவில்லை. நிரப்பிக் கொடுத்த விண்ணப்பங்களிலும் எழுதிய கடிதங்களிலும் அந்த இலக்கம்தான் இருக்கின்றது. “போன் மாறலாம், நம்பர் மாறக்கூடாது. எப்பவாவது ஒருநாள் ஆரும் எடுத்தால் இதுக்குத்தானே எடுப்பினம்” என்பார். இரவில் போன் தலையணைக்கு அருகில்தான் கிடக்கும்.

சென்ற ஆண்டு இளைய மகள் கலியாணம் முடித்து வவுனியாவுக்குப் போனபோது, முகம் பார்த்துக் கதைக்கலாம் என்று தாய்க்கு ஒரு ரச் போன் வாங்கிக் கொடுத்தாள். போன் கடைத் தம்பி அதில் பேஸ்புக் கணக்கும் திறந்து கொடுத்தார். ஒரு மாதத்துக்குள் கனடா, இலண்டன், சுவிஸ் என்று இருபது முப்பது சொந்தங்கள் வந்து சேர்ந்தன. மாலையில் அயல் வீட்டுப் பிள்ளைகள் வந்து அந்தப் போனில் விளையாடவும் தொடங்கினார்கள். அக்காவும் தடுக்கவில்லை. வீட்டில் பிள்ளைகளின் சத்தம் கேட்பது அவருக்கு ஆறுதலாக இருந்தது.

பிறகுதான் அந்தத் தொல்லை தொடங்கியது. இரவு ஒரு மணி, இரண்டு மணிக்கெல்லாம் “டிங்” என்று போன் சத்தமிடும். அக்கா திடுக்கிட்டு எழும்புவார். விளக்கைப் போட்டு, கண்ணாடியைத் தேடி எடுத்துப் பார்த்தால் திரையில் நிறம் நிறமாக இனிப்புகளின் படம் இருக்கும். கீழே ஆங்கிலத்தில் ஒரு வரி. அதை அவரால் வாசிக்க முடியாது. பிறகு விடியும் வரை நித்திரையும் வராது. எங்களுக்கு இரவில் வரும் சத்தம் எப்படிப்பட்டது என்று உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை.

ஒருநாள் போனைக் கடைக்குக் கொண்டுபோய், இது என்னவென்று வாசித்துச் சொல்லுமாறு கேட்டிருக்கின்றார். தம்பி வாசித்துவிட்டு, “அம்மா, உங்கட கனடாச் சொந்தக்காரர் உங்களிட்ட ஒரு உயிர் கேக்கினம்” என்றார்.

அக்கா அப்படியே கதிரையில் இருந்துவிட்டார். “ஆருக்கு உயிர் வேணுமாம்? அங்க ஆருக்கு என்ன நடந்தது?”

அது விளையாட்டு என்று தம்பி சிரித்துக்கொண்டே விளங்கப்படுத்தினார். அக்காவுக்குச் சிரிப்பு வரவில்லை. அவர் எனக்குச் சொன்னபோது எனக்கும் வரவில்லை.

“இந்தச் சத்தத்தை ஒருக்கா நிப்பாட்டித் தா தம்பி” என்று கேட்டார். கடையில் சனம் நின்ற அவசரத்தில் அவர் போனின் முழுச் சத்தத்தையும் அடைத்துக் கொடுத்துவிட்டார். அன்று இரவு அக்கா நிம்மதியாக உறங்கினார். விடிந்து பார்த்தால் மகளிடமிருந்து ஆறு அழைப்புகள். வைத்தியர் சொன்ன திகதிக்கு இரண்டு கிழமை முன்பே மகளுக்கு வலி வந்துவிட்டது. அக்கா பஸ் பிடித்து வவுனியாப் பெரியாஸ்பத்திரிக்குப் போய்ச் சேரும் முன்னரே பெண் குழந்தை பிறந்துவிட்டது. தாயும் பிள்ளையும் நலம். மருமகனும் பக்கத்தில் நின்றிருக்கின்றார். ஆனாலும் அக்காவின் மனம் ஆறவில்லை.

“பதினைஞ்சு வருசமா ஒரு சத்தத்துக்கும் எழும்பாமல் விட்டதில்லை. என்ர பிள்ளை என்னைத் தேடின அந்த ஒரு இரவு மட்டும் நான் நித்திரை” என்றார். பிறகு போனை என் கையில் தந்தார். “சத்தத்தை விட்டால் விளையாட்டு எழுப்புது. அடைச்சால் பிள்ளை கூப்பிடுறது கேக்குதில்லை. நான் என்ன செய்யிறது?”

சகோதரிகளே, இந்தக் கேள்விக்குப் பதில் உண்டு. வாசலில் ஒரு ஆடு வந்து நிற்கின்றது என்பதற்காக நாம் வீட்டையே பூட்டிவிட்டுப் போவதில்லை. ஆட்டைத்தான் கலைக்கின்றோம். போனிலும் முழுச் சத்தத்தை அடைக்காமல், விளையாட்டின் சத்தத்தை மாத்திரம் நிறுத்தலாம்.

முதலில் இந்தச் செய்திகள் ஏன் வருகின்றன என்று பார்ப்போம். ‘கண்டி கிரஷ்’ என்ற இனிப்பு விளையாட்டு 2012 இல் பேஸ்புக்கில் வந்தது. அதில் விளையாடுபவருக்கு 5 ‘உயிர்கள்’ இருக்கும். தோற்கும் ஒவ்வொரு முறையும் ஓர் உயிர் போகும். போன ஓர் உயிர் திரும்ப வருவதற்கு 30 நிமிடம் செல்லும். ஐந்தும் முடிந்தால் காத்திருக்க வேண்டும், அல்லது காசு கட்ட வேண்டும், அல்லது நண்பர்களிடம் உயிர் கேட்க வேண்டும். பலர் நண்பர்களிடம் கேட்பார்கள். அந்த வேண்டுகோள் விளையாடாத ஒருவரின் போனுக்கும் போகின்றது. அவரும் அதைத் தொட்டுப் பார்த்து விளையாடத் தொடங்கினால் கம்பனிக்கு இலாபம். செலவில்லாத விளம்பரம் இது. இப்படியான விளையாட்டுகள் இன்று பல இருக்கின்றன.

இதில் சலித்தவர்கள் நாங்கள் மாத்திரம் அல்ல. 2015 ஒக்டோபரில் பேஸ்புக்கின் தலைவர் மார்க் சக்கர்பேர்க் இந்தியாவின் டில்லியிலுள்ள ஐ.ஐ.ரி.யில் மக்களின் கேள்விகளுக்குப் பதிலளித்தார். முன்கூட்டியே அனுப்பப்பட்ட கேள்விகளுள் அதிகம் பேர் ஆதரித்த கேள்வி, கண்டி கிரஷ் அழைப்புகளை எப்படி நிறுத்துவது என்பதுதான். ஆகவே எங்களுக்கு ஒன்றும் தெரியவில்லை என்று வெட்கப்பட வேண்டியதில்லை.

இனி அக்காவின் போனில் நாங்கள் செய்தவற்றைச் சொல்கின்றேன். போனுக்குப் போன் சொற்கள் சற்று வேறுபடலாம். ஆனால் அடையாளங்கள் பெரும்பாலும் ஒன்றுதான்.

முதலாவது, மொழி. ஆங்கிலம் வாசிக்கச் சிரமமானால் போனைத் தமிழுக்கு மாற்றலாம். பற்சக்கரம் போன்ற படம்தான் செற்றிங்ஸ். அதற்குள் மொழி என்ற பகுதியில் தமிழைத் தெரிவு செய்யலாம். பேஸ்புக்கையும் தமிழில் வைத்துக்கொள்ளலாம். என்ன வந்திருக்கின்றது என்று நாங்களே வாசிக்க முடிந்தால் பாதிப் பயம் போய்விடும்.

இரண்டாவது, போனில் இருக்கும் விளையாட்டுகள். பிள்ளைகள் இறக்கி வைத்தவை அக்காவின் போனில் ஏழு இருந்தன. வேண்டாதவற்றை அழித்தோம். அழித்த விளையாட்டு போனில் நேராகச் சத்தம் போட முடியாது. பிள்ளைகளுக்காக இரண்டை விட்டோம். அவற்றின் அறிவிப்பு திரையின் மேலே வரும்போது விரலை அதன் மேல் சற்று நேரம் அழுத்திப் பிடித்தால், அறிவிப்பை நிறுத்தும் தெரிவு வரும். இல்லாவிட்டால் செற்றிங்ஸில் நொட்டிபிகேஷன் என்ற பகுதிக்குப் போனால் எல்லாச் செயலிகளின் பெயர்களும் வரிசையாக இருக்கும். விளையாட்டின் பெயருக்கு நேரே உள்ள ஆளியை அணைத்தால் போதும்.

மூன்றாவது, பேஸ்புக்கின் ஊடாக வருபவை. பேஸ்புக்கில் மணிப் படத்தைத் தொட்டால் வந்த அறிவிப்புகள் தெரியும். விளையாட்டு அறிவிப்புக்குப் பக்கத்தில் உள்ள மூன்று புள்ளிகளைத் தொட்டு, இனி இப்படியானவை வேண்டாம் என்ற வரியைத் தெரிவு செய்யுங்கள். அதன்பின் பேஸ்புக்கின் செற்றிங்ஸுக்குள் ‘அப்ஸ் அன்ட் வெப்சைற்ஸ்’ என்ற இடத்தைத் தேடுங்கள். உங்கள் கணக்குடன் எந்தெந்த விளையாட்டுகள் இணைந்துள்ளன என்று அங்கே தெரியும். அக்காவின் கணக்கில் நான்கு இருந்தன. அவருக்கு ஒன்றின் பெயரும் தெரியாது. பிள்ளைகள் “பேஸ்புக்கால் உள்ளே போ” என்ற பொத்தானைத் தொட்டிருக்கின்றார்கள். அப்படித் தொடும்போது எங்கள் பெயர், படம் போன்ற விபரங்கள் அந்த விளையாட்டுக்குப் போகின்றன. ஒவ்வொன்றாக நீக்கினோம். விளையாட்டு அறிவிப்புகளை முழுவதும் நிறுத்தும் தெரிவு கண்ணில் பட்டால் அதையும் நிறுத்திவிடுங்கள்.

நான்காவது, அனுப்பும் ஆள். உயிர் கேட்டவர் அக்காவின் ஒன்றுவிட்ட தங்கை. கனடாவில் இரவு வேலை முடிந்து வந்து, நித்திரை வரும் வரை விளையாடுகின்றவர். அவருக்கு அப்போது பகலானாலும் எங்களுக்கு நடுச்சாமம். அக்கா அவருக்குப் போன் எடுத்து, “தங்கச்சி, நான் விளையாடுறேல்லை. எனக்கு அனுப்பாதை” என்றார். பாவம், அந்தப் பிள்ளைக்கு ஒன்றும் தெரியாது. விளையாட்டு நண்பர்களின் பட்டியலைக் காட்டியபோது எல்லோரையும் சேர்த்துத் தொட்டிருக்கின்றார். “ஐயோ அக்கா, உங்களை நான் எழுப்பினனானே?” என்று அழுதார். இருவரும் அன்று ஒரு மணித்தியாலம் கதைத்தார்கள். பல வருடங்களுக்குப் பின் நடந்த கதை அது. நட்பை வெட்டிவிடுவதற்கு முன் இப்படி ஒருமுறை சொல்லிப் பார்ப்பது நல்லது.

ஐந்தாவது, இரவு. போனில் ‘டூ நொட் டிஸ்ரேப்’ என்று ஒரு வசதி உண்டு. தொந்தரவு செய்யாதே என்பது பொருள். இரவு 10 மணி முதல் காலை 5 மணி வரை என்று நேரம் வைக்கலாம். அந்த நேரத்தில் யாருடைய அழைப்பு ஒலிக்கலாம் என்றும் நாமே சொல்லலாம். தொடர்புப் பட்டியலில் பெயருக்குப் பக்கத்தில் நட்சத்திரம் போட்டவர்களுக்கு அனுமதி கொடுக்கலாம். பல போன்களில், தெரியாத இலக்கமானாலும் 15 நிமிடத்துக்குள் இரண்டாம் முறை எடுத்தால் ஒலிக்கும்படியும் வைக்கலாம்.

இந்த இடத்தில் அக்கா என்னை நிறுத்தினார். “வேண்டாம் பிள்ளை. தெரியாத நம்பர் எண்டால் ஒரு தரம்தான் எடுப்பினமோ என்னவோ” என்றார். நான் ஒன்றும் சொல்லவில்லை. எந்த நேரமும் எல்லா அழைப்புகளும் ஒலிக்கும்படியும், மற்ற அறிவிப்புகள் மாத்திரம் இரவில் பேசாமல் இருக்கும்படியும் வைத்தோம். அப்படியும் வைக்கலாம். யாருக்கு எது தேவை என்பது அவரவருக்குத்தான் தெரியும்.

ஒரு முக்கிய எச்சரிக்கை. வாட்ஸ்அப், வைபர், ஐஎம்ஓ, மெசெஞ்சர் ஆகியவற்றின் அறிவிப்புகளை முழுவதாக நிறுத்தாதீர்கள். அவற்றில் வரும் அழைப்புகளும் தெரியாமற் போகும். நானே ஒருமுறை கோபத்தில் மெசெஞ்சரின் ஆளியை அணைத்துவிட்டு, தம்பி ஏன் எடுக்கவில்லை என்று இரண்டு கிழமை மனம் நொந்திருந்தேன். அவன் எடுத்துக்கொண்டுதான் இருந்திருக்கின்றான். எதை மாற்றினாலும் பிறகு ஒருவரை அழைக்கச் சொல்லி, சத்தம் வருகின்றதா என்று பரிசோதித்துப் பாருங்கள். கடையில் கொடுத்து மாற்றினாலும், கடையை விட்டு இறங்கும் முன் அதைச் செய்யுங்கள்.

விளையாட்டுச் சேவை என்று குறுஞ்செய்தி வந்து, ஓர் இலக்கத்தை அழுத்தச் சொன்னால் அழுத்த வேண்டாம். சில சேவைகள் நாளாந்தம் மீதிப் பணத்தை வெட்டும். ரீலோட் போட்ட காசு காரணமின்றிக் குறைந்தால், உங்கள் தொலைபேசி நிறுவனத்தின் வாடிக்கையாளர் சேவைக்கு எடுத்து, என்னென்ன சேவைகள் உங்கள் இலக்கத்தில் உள்ளன என்று கேட்டு நிறுத்துங்கள்.

இவ்வளவும் செய்ய எங்களுக்கு இரண்டு பின்னேரங்கள் சென்றன. இடையில் தேத்தண்ணீரும் குடித்தோம், பிழையாகத் தொட்டு ஒருமுறை எல்லா எழுத்தையும் பெரிதாக்கியும் விட்டோம். கடைசியில் மகளின் அழைப்புக்கு மாத்திரம் தனி மணியோசை வைத்துக் கொடுத்தேன். இப்போது போனைப் பார்க்காமலே மகள்தான் என்று அக்காவுக்குத் தெரியும்.

போன வாரம் ஒருநாள் விடியப்புறம் அந்த மணியோசை எனக்கும் கேட்டது. வேலிக்கு இந்தப் பக்கம் நின்று கூப்பிட்டுப் பார்த்தேன். “ஒண்டுமில்லை பிள்ளை, பேத்தி நித்திரை கொள்ளுறாள் இல்லையாம். என்ர குரலைக் கேட்டால் பேசாமல் கிடக்குமாம்” என்றார். அக்காவின் போன் இன்றும் தலையணைக்கு அருகில்தான். இலக்கமும் அதே இலக்கம்தான்.

உங்கள் அயலிலும் இப்படி ஒரு அம்மா இருக்கலாம். இந்த இதழை எடுத்துக்கொண்டு போய், அவருடைய போனை அவர் கையிலேயே வைத்து, அவரையே தொடச் சொல்லிக் காட்டிக் கொடுங்கள். நாங்கள் பறித்துச் செய்து கொடுத்தால் அடுத்த முறையும் அவர் கடைக்குத்தான் போக வேண்டியிருக்கும்.

அடுத்த மாதம் கோழிக் கணக்குடன் கட்டாயம் சந்திப்போம்.