அறிவிக்கை வந்த பிறகு விதி மாறக் கூடாது

அரசு வேலைக்கான தகுதி விதிகளை மாற்றவே கூடாது என்று நாங்கள் சொல்லவில்லை. காலத்துக்கேற்ப மாற்றலாம். விண்ணப்பம் வாங்கிய பிறகு, தேர்வும் நடத்திய பிறகு மாற்றுவதைத்தான் எதிர்க்கிறோம். போடிநாயக்கனூரிலும் முந்தல், குரங்கணிப் பக்கத்து மலையடிவார ஊர்களிலும் போட்டித் தேர்வுக்குப் படிப்பவர்களும் அவர்களுக்குச் சொல்லிக்கொடுப்பவர்களும் சேர்ந்த படிப்பு வட்டம் எங்களுடையது.

2013 ஆகஸ்டில் நடந்த ஆசிரியர் தகுதித் தேர்வில் தேர்ச்சி பெற 150-க்கு 90 வேண்டும் என்றிருந்தது. முடிவு வந்த பின், 2014 பிப்ரவரியில் அரசாணை 25 இடஒதுக்கீட்டுப் பிரிவினருக்கு அதை 82 ஆக்கியது. சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை அந்த ஆணையை ரத்து செய்தது. சென்னை அமர்வு ஏற்றது. மதிப்பெண் தளர்வு தரும் அதிகாரம் மாநிலத்துக்கு ஏற்கெனவே உண்டு என்று 2016 நவம்பர் 9 அன்று உச்ச நீதிமன்றம் முடித்துவைத்தது. சலுகை நியாயமானது, ஆதரிக்கிறோம். அந்த 82-ஐத் தேர்வு அறிவிப்பிலேயே போட்டிருந்தால் வழக்குக்கு இவ்வளவு இடம் இருந்திருக்காது.

2014 மே மாதம் வந்த அரசாணை 71 பற்றி இப்படித் தாராளமாகப் பேச எங்களால் முடியவில்லை. பட்டதாரி ஆசிரியர் பணிக்குத் தகுதித் தேர்வுக்கு 60, பிளஸ் டூவுக்கு 10, பட்டத்துக்கும் பி.எட்.டுக்கும் தலா 15 என்று வெயிட்டேஜ் வந்தது. பிளஸ் டூவில் மதிப்பெண் அள்ளிப் போடாத காலத்தில் படித்தவர், தகுதித் தேர்வில் கூடுதலாக எடுத்தும் பட்டியலில் கீழே இறங்க நேர்ந்தது. உச்ச நீதிமன்றம் இதையும் ஏற்றது. சட்டப்படி சரி, பழைய மதிப்பெண் பட்டியலை இனி யாராலும் திருத்தி எழுத முடியாது என்பதும் சரிதானே? பிறகு 2018-இல் அரசாணை 149, தகுதித் தேர்வில் தேறியவர்களுக்கு இன்னொரு போட்டித் தேர்வு என்றது. 2013-இல் தேறிக் காத்திருந்தவர்கள் ஐந்து வருடம் கழித்து மறுபடி புத்தகத்தைத் தூக்கினார்கள்.

தமிழ்வழிக் கல்விக்கான 20 சதவீத ஒதுக்கீடு எங்கள் மலைக்கு இன்னும் நெருக்கமானது. 2010 சட்டப்படி, வேலைக்குரிய கல்வித் தகுதியைத் தமிழில் படித்திருந்தால் போதும் என்றிருந்தது. 2020 திருத்தம் பள்ளிப் படிப்பும் தமிழ்வழியில் இருக்க வேண்டும் என்றது. பட்டத்தை மட்டும் அஞ்சல்வழியில் தமிழில் வாங்கி ஒதுக்கீட்டில் நுழைவதைத் தடுக்க இது தேவைதான். ஆனால் குரூப் 1 அறிவிக்கை வந்தது 2020 ஜனவரியில். திருத்தத்துக்கு ஆளுநர் ஒப்புதல் கிடைத்தது டிசம்பரில். நடந்துகொண்டிருந்த அந்தத் தேர்வுக்கும் திருத்தம் பொருந்தும் என்று 2021 மார்ச்சில் மதுரைக் கிளை சொன்னது. நோக்கத்தோடு எங்களுக்குச் சண்டை இல்லை, நேரத்தோடுதான். ஏலத்தோட்ட வேலைக்குப் போன பெற்றோரோடு சில வகுப்புகளைக் கேரளத்தின் இடுக்கிப் பக்கத் தமிழ்வழிப் பள்ளியில் முடித்த பிள்ளை, ஒவ்வொரு பள்ளியிலும் சான்றிதழ் கேட்டு அலைய வேண்டும். அதற்கு நாள் வேண்டாமா?

2024 நவம்பர் 7 அன்று தேஜ் பிரகாஷ் பாதக் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு தெளிவாகச் சொல்லிவிட்டது: தேர்வு தொடங்கிய பின் தகுதி விதியை நடுவில் மாற்றக் கூடாது, நடப்பிலுள்ள விதியோ அறிவிக்கையோ இடம் தந்தால் மட்டுமே மாற்றலாம், அதுவும் தன்னிச்சையாக இருக்கக் கூடாது. இந்த விதிவிலக்கைத்தான் நாங்கள் பயத்தோடு பார்க்கிறோம். "விதிகள் மாற்றத்துக்குட்பட்டவை" என்று ஒரு வரியை எல்லா அறிவிக்கையிலும் சேர்த்துவிட்டால் தீர்ப்பு வெறும் காகிதமாகிவிடும். பகலெல்லாம் தோட்டத்தில் பழம் எடுத்து, ஜீப்பில் இறங்கி வந்து இரவில் படிக்கிற பெண், அந்த வரியை எதிர்த்து வக்கீல் வைத்து மதுரைக்கு நடக்க முடியாது.

ஆகவே டி.என்.பி.எஸ்.சி.யும் ஆசிரியர் தேர்வு வாரியமும் அப்படிப்பட்ட பொத்தாம்பொதுவான வரியைச் சேர்க்கக் கூடாது. எந்த விதி, எந்த அளவுக்கு மாறலாம் என்பதை அறிவிக்கையிலேயே அச்சிட வேண்டும். புதிய தகுதி எதுவானாலும் அடுத்த அறிவிக்கையிலிருந்துதான் நடப்புக்கு வர வேண்டும். கேரளப் பள்ளிகளில் தமிழ்வழியில் படித்தவர்களின் சான்றிதழுக்கு இரு மாநிலக் கல்வித் துறைகளும் ஒரே படிவத்தை ஏற்க வேண்டும். அதுவரை, சான்றிதழ் தாமதமானதற்காக யாருடைய விண்ணப்பத்தையும் தள்ளக் கூடாது.