இடிப்பதற்கு முன் 90 நாள்

சென்னைப் பெருநகர வளர்ச்சிக் குழும உறுப்பினர் செயலர் அவர்களுக்கு ஒரு திறந்த மடல்



உங்கள் குழுமமே கட்டி, 2023 டிசம்பர் 30 அன்று திறக்கப்பட்ட கிளாம்பாக்கம் பேருந்து முனையத்திலிருந்து தொடங்குகிறேன். ஏறக்குறைய 88 ஏக்கர் நிலம். தென்மாவட்ட அரசுப் பேருந்துகள் வந்து சேரும் இடம். அவ்வளவு பெரிய திட்டமும் ஓரிடத்தில் ஒதுங்கி வழிவிட்டது. இந்தியத் தொல்லியல் துறையின் பாதுகாப்பில் உள்ள பெருங்கற்கால ஈமச்சின்னங்கள் அங்கே இருக்கின்றன. 1958ஆம் ஆண்டின் தொல்சின்னங்கள் சட்டமும் அதற்கு 2010இல் வந்த திருத்தமும், அத்தகைய இடங்களிலிருந்து 100 மீட்டருக்குள் புதுக் கட்டடம் கூடாது, அதற்கப்பால் மேலும் 200 மீட்டருக்கு அனுமதி பெற்றே கட்ட வேண்டும் என்கின்றன. குழுமம் அதற்குக் கட்டுப்பட்டது. கட்டடம் எழுப்ப முடியாத பகுதி பூங்காவுக்கு ஒதுக்கப்பட்டது. பேருந்து நிலையமும் வந்தது, கற்களும் இருந்த இடத்திலேயே இருக்கின்றன. கட்டத் தொடங்கும் முன்பே "இந்த இடத்தில் ஏற்கெனவே என்ன இருக்கிறது?" என்ற கேள்வி சட்டத்தின் குரலில் கேட்கப்பட்டதால்தான் இது நடந்தது.

அங்கிருந்து கூப்பிடு தூரத்தில் அந்தக் கேள்வி காணாமல் போகிறது. வண்டலூர், மண்ணிவாக்கம், நெடுங்குன்றம், முடிச்சூர், பெருங்களத்தூர் என்று எந்த ஊரை எடுத்தாலும் அதன் கிராம நத்தத்துக்குள் நுழைந்தால் இன்னும் சில பழைய வீடுகள் மிஞ்சியிருக்கின்றன. நாட்டு ஓடு அல்லது சீமை ஓடு வேய்ந்தவை, தெருவைப் பார்த்த திண்ணையும் உள்ளே முற்றமும் உள்ளவை, மரத்தூண் தாங்கியவை. தாம்பரம் பக்கம் போனால் வேறு வகை. சென்னைக் கடற்கரையிலிருந்து தாம்பரத்துக்கு 1931இல் மின்சார ரயில் ஓடத் தொடங்கியபின் தண்டவாளத்தை ஒட்டி எழுந்த நடுத்தர வர்க்கத்து வீடுகளும் ரயில்வே குடியிருப்புகளும் இந்தப் புறநகரின் முதல் தலைமுறைக் கட்டடங்கள். பல்லாவரத்தின் வெட்டரன்ஸ் லைன்ஸ், பரங்கிமலையின் ஆங்கிலோ இந்தியர் பங்களாக்கள் இன்னும் பழையவை. இவற்றில் ஒன்று இடிக்கப்படுவதற்கு முன் எந்த அதிகாரியும் அதைப் பார்க்க வேண்டிய கட்டாயம் இன்று இல்லை.

2024 ஜூலையில் வந்த சுயசான்று முறையை நான் குறை சொல்லவில்லை. 2,500 சதுர அடி வரையுள்ள மனையில், தரைத்தளமும் முதல் தளமுமாக 3,500 சதுர அடி வரை வீடு கட்டுகிறவர் ஒற்றைச் சாளர இணையதளத்தில் விண்ணப்பித்துக் கட்டணம் செலுத்தினால் அனுமதி உடனே கிடைக்கிறது. ஒரு வீட்டு வரைபடத்துக்காக மாதக்கணக்கில் அலைந்த எளிய மக்களுக்கு இது பெரிய விடுதலை. ஆனால் நத்தத்து வீடுகளில் பெரும்பாலானவை நிற்பது இந்த அளவுள்ள மனைகளில்தான் என்பதை எண்ணிப் பாருங்கள். முன்பு கோப்பு மேசை மேசையாக நகர்ந்தபோது, ஓர் உதவிப் பொறியாளராவது நேரில் வந்து மனையைப் பார்க்க வாய்ப்பிருந்தது. இப்போது அதுவும் இல்லை. விண்ணப்பம் புதிய வீட்டின் உயரத்தை, பக்க இடைவெளியை, மழைநீர் சேகரிப்பை அலசுகிறது. மறையப் போகும் வீட்டின் வயது முடிவை எந்த வகையிலும் பாதிப்பதில்லை. நூறாண்டு பழைய வீடும் புல் முளைத்த வெற்று மனையும் இணையதளத்தின் கண்ணுக்கு ஒன்றே.

பாரம்பரியக் கட்டடங்களுக்குத் தனி ஏற்பாடு இருக்கிறதே என்று நீங்கள் சொல்லலாம். இருக்கிறது. அது எப்படி வந்தது என்பதையும் நினைவுகூர வேண்டும். அண்ணா சாலையில் 1897இல் கட்டப்பட்ட பாரத் இன்சூரன்ஸ் கட்டடத்தை 2006இல் இடிக்க முற்பட்டபோது பாரம்பரியப் பாதுகாப்பு அமைப்பான இன்டாக் வழக்குத் தொடுத்தது. 2010இல் சென்னை உயர் நீதிமன்றம் இடிப்பைத் தடுத்ததோடு, பாரம்பரியப் பாதுகாப்புக் குழுவை அமைக்கவும் வழிவகுத்தது. நீதிபதி பத்மநாபன் குழு அடையாளம் கண்டிருந்த 467 கட்டடங்கள் அந்தத் தீர்ப்பின் மையத்தில் இருந்தன. பட்டியலில் ஏறிய கட்டடத்தில் கைவைக்கப் பாரம்பரியப் பாதுகாப்புக் குழுவின் கருத்து வேண்டும். சரியான ஏற்பாடுதான். ஆனால் இந்தப் பட்டியல்கள் மாநகரின் பெருங்கட்டடங்களை, அரசு மாளிகைகளை, கல்லூரிகளை, வழிபாட்டு இடங்களை மனத்தில் கொண்டு எழுந்தவை. ஒரு மாளிகையைக் காக்கவே நான்காண்டு நீதிமன்றப் போராட்டம் தேவைப்பட்டது. மண்ணிவாக்கத்துத் திண்ணை வீடு ஒன்றுக்காக யார் வழக்குப் போடுவார்கள்? 2012இல் சட்டமன்றம் தமிழ்நாடு பாரம்பரிய ஆணையச் சட்டத்தை இயற்றியது. அது ஏட்டளவிலேயே பத்தாண்டுகளுக்கு மேல் கிடந்தது. அந்தப் பத்தாண்டுகளில்தான் ஜி.எஸ்.டி. சாலையின் இருமருங்கும் அடுக்குமாடிகளால் நிறைந்தன.

பட்டியலை நம்பியிருக்கும் பாதுகாப்பில் இன்னொரு குறையும் உண்டு. ஒரு வீட்டைப் பட்டியலில் சேர்க்கப் போகிறார்கள் என்ற செய்தி பரவினாலே உரிமையாளருக்கு அச்சம் வருகிறது. பெயர் ஏறும் முன் இடித்துவிடுவதே புத்திசாலித்தனம் என்று தோன்றுகிறது. காக்க வந்த நடைமுறையே இடிப்பை விரைவுபடுத்துகிறது. எனவே நான் கேட்பது இன்னொரு பட்டியல் அல்ல. கட்டடத்தின் வயதை அடிப்படையாகக் கொண்ட ஒரு நிறுத்தம். 75 ஆண்டுகளுக்கு மேற்பட்ட கட்டடம் நிற்கும் மனையில் இடிக்கவோ புதிதாகக் கட்டவோ விண்ணப்பம் வந்தால் அனுமதி 90 நாள் பொறுக்கட்டும். அந்தக் காலத்துக்குள் பாரம்பரியப் பாதுகாப்புக் குழுவின் சார்பில் ஒருவர் நேரில் பார்த்து, புகைப்படமும் அளவு வரைபடமும் எடுத்து, வீடு காக்கத்தக்கதா என்று எழுத்தில் சொல்லட்டும். காக்கத்தக்கதென்றால் உரிமையாளரோடு அமர்ந்து பேசட்டும். அப்படி இல்லையென்றால், அல்லது 90 நாளில் யாரும் வரவேயில்லையென்றால், அனுமதி தானாகவே கிடைத்துவிட வேண்டும். அமெரிக்காவில் மாசசூசெட்ஸ் மாநிலத்தின் கேம்பிரிட்ஜ் நகரம் 1979 முதல் இதே வழியில் செல்கிறது. அங்கே 50 ஆண்டு தாண்டிய கட்டடத்தை இடிப்பதற்கு முன் இப்படியொரு ஆய்வு கட்டாயம். அதைப் பார்த்து அம்மாநிலத்தின் பல சிற்றூர்களும் இதை ஏற்றுக்கொண்டன. வயது விதி யாரையும் தனியாகச் சுட்டுவதில்லை, அதனால் யாரும் முந்திக்கொண்டு இடிப்பதில் பயனில்லை.

வயதை எப்படி அறிவது? பழைய கிரயப் பத்திரம், பாகப்பிரிவினைப் பத்திரம், சொத்துவரிப் பதிவேடு, மின் இணைப்பு தந்த ஆண்டு ஆகியவற்றில் ஏதோ ஒன்று பெரும்பாலும் கைவசம் இருக்கும். சுயசான்று முறையே உரிமையாளரின் சொல்லை நம்பி நடப்பது. கட்டடத்தின் வயதையும் அவரே சான்றளிக்கட்டும். பொய்யென்று தெரிந்தால் மற்றப் பொய்ச் சான்றுகளுக்கு உள்ள விளைவு இதற்கும் பொருந்தட்டும்.

இந்த வீடுகள் ஏன் இவ்வளவு முக்கியம் என்பதற்கு அழகைக் காட்டி வாதாட எனக்கு விருப்பமில்லை. திட்டமிடும் அமைப்புக்கு அவை சான்றுகள். பழைய ஊர்க்குடியிருப்புகள் பொதுவாக ஏரிக்கும் வயலுக்கும் மேலான மேட்டில் அமைந்தன. அதற்கும் மேல் அடித்தளத்தை உயர்த்தித் திண்ணை கட்டினார்கள். 2015 டிசம்பரில் முடிச்சூரும் வரதராஜபுரமும் அடையாற்று வெள்ளத்தில் மூழ்கியதை நாடே பார்த்தது. எந்த நிலம் மேடு, எது நீர் போகும் வழி என்று நம் முன்னோர் கணித்த கணக்கு அந்தப் பழைய வீட்டு வரிசைகளில் இன்னும் எழுதப்பட்டிருக்கிறது. மெட்ராஸ் டெரஸ் என்னும் கூரை முறையை எடுத்துக்கொள்ளுங்கள். தேக்கு உத்தரங்களின் மேல் செங்கல்லைச் செங்குத்தாகச் சாய்வரிசையில் அடுக்கிச் சுண்ணாம்புக் காரையால் பிணைத்த அந்தக் கூரையின் கீழ் மே மாதத்திலும் மின்விசிறியோடு சமாளிக்க முடிந்தது. அதைக் கட்டத் தெரிந்த கொத்தனார்கள் அருகிவிட்டார்கள். அளவெடுக்காமல் இடித்தால் அந்த அறிவும் இடிபாட்டோடு லாரியில் ஏறிவிடும்.

சரி, முட்டுக்காட்டில் தட்சிணசித்ரா இருக்கிறதே, அங்கே போய்ப் பார்க்கலாமே என்பவர்கள் உண்டு. 1996இல் திறக்கப்பட்ட அந்த அருங்காட்சியகம் செட்டிநாட்டு வணிகர் வீடு முதல் நெசவாளர் வீடு வரை இருந்த இடத்திலிருந்து பெயர்த்து வந்து மீண்டும் எழுப்பியிருக்கிறது. அழிவிலிருந்து மீட்ட அரிய பணி. ஆனால் பெயர்த்த வீட்டுக்கு அண்டை வீடு இல்லை, தெரு இல்லை. தெருவோடு காக்க முடியும் என்பதற்குப் புதுச்சேரியின் வைசியாள் வீதி சான்று. ஐரோப்பிய ஒன்றியத்தின் உதவியோடு இன்டாக் அங்கே சாதாரணத் தமிழ் வீடுகளின் முகப்புகளைச் சீரமைத்தது. 2008இல் யுனெஸ்கோ அதற்கு ஆசிய பசிபிக் விருது தந்தது. அங்கே அரண்மனை எதுவும் இல்லை. திண்ணையும் தாழ்வாரமும் உள்ள வீடுகளே இருந்தன.

இனி எதிர்ப்புகள். என் வீடு, என் நிலம், இடிக்க நான் யாரைக் கேட்க வேண்டும் என்பது முதலாவது. அரசமைப்பின் 300ஏ பிரிவு காக்கும் சொத்துரிமையை நான் மதிக்கிறேன். ஆனால் அதே உரிமையாளர் எவ்வளவு உயரம் கட்டலாம், தெருவிலிருந்து எத்தனை அடி விட வேண்டும் என்பதையெல்லாம் ஏற்கெனவே சட்டம் சொல்கிறது, அவரும் ஏற்கிறார். 90 நாள் காத்திருப்பது அவற்றைவிடச் சிறிய கட்டுப்பாடு; நிலத்தின் பயனை அது பறிப்பதில்லை.

இந்தப் பகுதி மக்களுக்கு இன்னொரு அச்சம் உண்டு, அது நியாயமானது. ஜமீன் பல்லாவரத்தில் தொல்லியல் தளத்தைச் சுற்றியிருக்கும் குடியிருப்புவாசிகள் தங்கள் சொந்த வீட்டைச் செப்பனிடக்கூடத் தடையில்லாச் சான்றுக்கு அலைய நேர்ந்தது. ராபர்ட் புரூஸ் ஃபூட் 1863இல் பழைய கற்காலக் கைக்கோடரியைக் கண்டெடுத்த ஊர் பல்லாவரம். அதன் மதிப்பு உலகறிந்தது. ஆனாலும் தொலைவை அளந்து எல்லோர் மீதும் ஒரே தடையைப் போர்த்தினால், காக்க வேண்டிய இடத்தையே மக்கள் வெறுக்கத் தொடங்கிவிடுகிறார்கள். நான் கேட்கும் விதி அண்டை வீட்டைத் தொடுவதில்லை, பழுதுபார்ப்பைத் தடுப்பதில்லை, காலவரையின்றி நீள்வதில்லை. லஞ்சத்துக்கு இன்னொரு சாளரம் திறக்காதா என்ற கேள்விக்கும் இதுவே பதில். காலம் முடிந்தால் அனுமதி தானே வந்துவிடும் என்றால், கோப்பை நிறுத்திவைத்துப் பேரம் பேச யாருக்கும் இடமில்லை.

யாருடைய பாரம்பரியம் என்ற கேள்விதான் எனக்குக் கனமானதாகத் தோன்றுகிறது. பழைய வீடு என்றதும் அக்கிரகாரமும் ஜமீன் மாளிகையும் வெள்ளைக்காரர் பங்களாவும் மட்டும் நினைவுக்கு வந்தால், நில உரிமையே மறுக்கப்பட்டிருந்த மக்களின் பிள்ளைகள் இந்த அக்கறையைச் சந்தேகிக்க உரிமை உண்டு. அவர்களின் முன்னோர் வீடுகள் மண்சுவரும் கூரையுமாக இருந்ததால் அழிந்தே போயின. இதற்கு மறுமொழி பழையவற்றை எல்லாம் இடிப்பதன்று. எதைப் பார்க்கிறோம் என்பதை விரிப்பது. அனகாபுத்தூரில் தறிக்குழியோடு கட்டிய நெசவாளர் வீடும் ஒரு வரலாறு. ஆப்பிரிக்கா வரை போன மெட்ராஸ் கட்டம் போட்ட துணி அத்தகைய வீடுகளில்தான் நெய்யப்பட்டது. தோல் தொழிற்சாலையின் பெயரைத் தன் பெயராகக் கொண்ட குரோம்பேட்டையில் தொழிலாளர் வீட்டு வரிசையும், தாம்பரத்து ரயில்வே குடியிருப்பும் அதே தகுதி உடையவை. நிபுணர்களின் ரசனையை நம்பும் பட்டியலில் இவை இடம்பெறுவது கடினம். வயதை மட்டும் கேட்கும் விதியில் மாளிகையும் தொழிலாளி வீடும் ஒரே வாசல் வழியாக உள்ளே வரும்.

செலவு யாருடையது? அண்ணன் தம்பி நான்கு பேருக்குப் பங்குள்ள வீடு, இருவர் வெளிநாட்டில், ஓடு மாற்ற ஆளில்லை என்பதே பல வீடுகளின் உண்மை நிலை. சிமென்ட் பூசினால் சுண்ணாம்புச் சுவர் ஈரத்தை உள்ளேயே தேக்கி உதிரும் என்பது தெரியாமல் பூசிப் பாழானவையும் உண்டு. பொறுப்பை உரிமையாளர் தலையில் மட்டும் கட்டுவது அநீதி. மும்பை 1995இலேயே பாரம்பரியக் கட்டட விதிகளைக் கொண்டுவந்து, கட்ட முடியாமல் போகும் பரப்பை வேறிடத்துக்கு மாற்றி விற்கும் உரிமையை உரிமையாளருக்குத் தந்தது. இங்கும் அதைத் தரலாம். முன்வீட்டைக் காப்பவருக்குப் பின்பக்கம் கூடுதல் தளப்பரப்பு கொடுக்கலாம், சொத்துவரியைத் தள்ளுபடி செய்யலாம், வீட்டை மருத்துவமனையாகவோ நூலகமாகவோ உணவகமாகவோ மாற்றும் அனுமதியை எளிதாக்கலாம்.

இரண்டாவது முழுமைத் திட்டத்தின் காலம் 2026வரை. 2027 முதல் 2046 வரைக்கான மூன்றாவது முழுமைத் திட்டத்தை உங்கள் குழுமம்தான் வகுக்கிறது. 1,189 சதுர கிலோமீட்டராக இருந்த பெருநகரப் பகுதி 2022இல் 5,904 சதுர கிலோமீட்டராக விரிந்தபோது காஞ்சிபுரம், செங்கல்பட்டு, அரக்கோணம் போன்ற பழைய ஊர்களும் உங்கள் எல்லைக்குள் வந்துவிட்டன. இன்று வண்டலூரில் நடப்பது இனி அங்கெல்லாம் நடக்கும். ஆகவே இரண்டு வேண்டுகோள்கள். மூன்றாவது முழுமைத் திட்டத்தின் வளர்ச்சி விதிகளில் 75 ஆண்டு வயதும் 90 நாள் நிறுத்தமும் கொண்ட இந்த விதியைச் சேருங்கள். அது நடைமுறைக்கு வரும்வரை காத்திராமல், ஒற்றைச் சாளர இணையதளத்தின் சுயசான்று விண்ணப்பத்தில் "மனையில் இப்போது உள்ள கட்டடம் எந்த ஆண்டு கட்டப்பட்டது?" என்ற ஒரு கட்டத்தை இப்போதே சேருங்கள். அதற்குப் புதிய சட்டம் எதுவும் தேவையில்லை.

இப்படிக்கு,
வண்டலூர்வாசி ஒருவர்