ஒரே ரோலாம், ஒரே மூஞ்சியாம்!

செல்சி ராஸ்னு சொன்னா நம்மாளுங்க முழிப்பாங்க. 'ஹூசியர்ஸ்'ல ஜீன் ஹேக்மேனை முறைச்சுக்கிட்டு நிப்பாரே, 'மேஜர் லீக்'ல பந்துல களிம்பு தடவுவாரே, 'ரூடி'ல அந்தக் கோச்னு சொன்னா "அட, அவரா!" என்பார்கள். அடுத்த வரியிலேயே தீர்ப்பு: "எல்லாத்துலயும் ஒரே ரோல்தானே, ஸ்போர்ட்ஸ் படத்து சிடுமூஞ்சி." எத்தனை பேர்தான் இதையே எழுதுவீங்க சாமிகளா?

ஹூசியர்ஸ் (1986) ஜார்ஜை எடுத்துக்கோங்க. இந்தியானாவில் ஒரு சின்ன ஊர், பேஸ்கட்பால்தான் அங்கே சாமி. புதுக் கோச் வர்ற வரைக்கும் பையன்களுக்குப் பயிற்சி கொடுக்கிற உள்ளூர்க்காரர் இவர். வந்தவரோ வந்ததும் வராததுமா இவரை வெளியே அனுப்பிடுறார். அந்தக் கோபம் வில்லத்தனமில்லை, ஊர்ல தனக்கிருந்த மரியாதை பறிபோன வலி. அதே படத்துல குடிகார அப்பாவா வந்த டென்னிஸ் ஹாப்பருக்கு ஆஸ்கர் நாமினேஷன். தப்புச் சொல்லலை, பிரமாதமா செஞ்சார். ஆனா திருந்தி அழுறவனுக்குத்தான் நம்ம கண்ணும் கலங்குது. முறைச்சுக்கிட்டு நிக்கிறவனை யார் கவனிக்கிறா?

மேஜர் லீக் (1989) எடி ஹாரிஸ், கை ஓய்ந்துபோன பேஸ்பால் பந்துவீச்சாளர். வேகம் போயாச்சு, அதனால திருட்டு வேலை. உடம்புல அங்கங்கே ஒளிச்சு வச்சிருக்கிற களிம்பை சார்லி ஷீன்கிட்ட வெட்கமே இல்லாம காட்டுவார். உனக்கும் ஒருநாள் இந்த கதிதான் தம்பி என்கிற மாதிரி. காமெடி சீன்தான், சிரிச்சு முடிச்சதும் சுருக்குனு இருக்கும். இவரும் ஜார்ஜும் ஒண்ணா?

என் உண்மையான எரிச்சல் ரூடி (1993) விஷயத்துலதான். ஹூசியர்ஸ் எடுத்த அதே டேவிட் ஆன்ஸ்பா, ஏஞ்சலோ பிட்ஸோ கூட்டணி. ராஸ், நோட்டர் டேம் பல்கலைக்கழக ஃபுட்பால் கோச் டேன் டிவைன். 1975 கடைசி உள்ளூர் ஆட்டத்துல ரூடிக்கு இடமில்லைன்னு சொல்லுவார். ஆட்டக்காரங்க ஒவ்வொருத்தரா வந்து ஜெர்சியை அவர் மேஜைல வைப்பாங்க. நமக்கெல்லாம் புல்லரிக்கும். ஆனா அப்படி ஒண்ணு நடக்கவே இல்லை! ரூடியை அன்னிக்கு சேர்த்தது தன்னோட முடிவுன்னு நிஜ டிவைனே (2002இல் காலமானார்) சொல்லியிருக்கார். 1977இல் அந்த அணிக்கு தேசிய சாம்பியன் பட்டம் வாங்கிக் கொடுத்த மனுஷன். படம் பார்த்தவங்களுக்கோ அவர் ஒரு கல்நெஞ்சக்காரர், அவ்வளவுதான்.

இந்தப் பொய்க்கு எழுதினவங்க சட்டையைப் பிடிங்க, நடிகரை ஏன் திட்டறீங்க? ராஸ் அந்தாளை வில்லனா ஆக்கவே இல்லையே. ஒரு பெரிய டீமைக் கட்டி மேய்க்கிறவருக்கு ஒரு பையனோட கனவு அன்னிக்குப் பத்தோட பதினொண்ணு, அவ்வளவுதான். திரைக்கதை பிடுங்கினதுல கொஞ்சத்தையாவது திருப்பிக் கொடுத்தது இவர் நடிப்புதான்.

இன்னமும் ஒரே ரோல்னு சொல்றவங்க 'மேட் மென்' தொடர்ல 2009இல் வந்த எபிசோடுகளைத் தேடிப் பாருங்க. ஹோட்டல் அதிபர் கான்ராட் ஹில்டனா வந்து, விளம்பரத்துல நிலாவைக் காணோமேன்னு டான் டிரேப்பர்கிட்ட கோவிச்சுக்குவார். அங்க பந்தும் இல்லை, விசிலும் இல்லை. பார்த்துட்டு வாங்க, அப்புறம் சண்டை போடலாம்.